ரெட் சாக்ஸ் பார்க்க மாதம் 142 டாலரா?

கேள்வி: பாஸ்டனுக்கு மேற்கே வெஸ்ட்பரோவில் இருக்கிறோம். 11 வயதுப் பையனுக்குப் பாஸ்டனின் பேஸ்பால் அணியான ரெட் சாக்ஸ் என்றால் பைத்தியம், அவனிடமிருந்து எனக்கும் தொற்றிக்கொண்டது. அதற்காகவே கேபிள் வைத்திருக்கிறோம், வேறு எதற்கும் அந்தப் பெட்டியை ஆன் செய்வதே இல்லை. பில் மாதம் 212 டாலர்: இன்டர்நெட் 70, டிவி பேக்கேஜ் 89, லோக்கல் சேனல் கட்டணம் 28, ஸ்போர்ட்ஸ் கட்டணம் 15, பாக்ஸ் வாடகை 10. ஆக டிவிக்கு மட்டும் 142. கேபிளை வெட்டிவிடலாம் என்று போன மாதம் கிரெடிட் கார்டில் 150 டாலர் கொடுத்து, மேஜர் லீக் பேஸ்பால் ஆட்டங்களை இன்டர்நெட்டில் காட்டும் எம்எல்பி.டிவியின் வருடச் சந்தா எடுத்தேன். எல்லா அணிகளின் ஆட்டமும் வருகிறது, ரெட் சாக்ஸ் மட்டும் வரவில்லை! அந்தக் கார்டில் ஏற்கெனவே 2,400 டாலர் பாக்கி, வட்டி 24 சதவீதம், குறைந்தபட்சத் தொகை மட்டும் கட்டிக்கொண்டிருக்கிறேன். சீசனில் ஒரு 60 ஆட்டம் பார்ப்போம். "இந்தக் காசுக்கு ஸ்டேடியத்துக்கே போய்ப் பார்க்கலாம்" என்கிறார் மனைவி. என்ன செய்வது?

பதில்: முதலில் அந்த 150 டாலர். நீங்கள் ஏமாந்துவிட்டதாக நினைக்க வேண்டாம், அமெரிக்காவில் பேஸ்பால் பார்க்க ஆரம்பிக்கும் பாதிப் பேர் இந்தக் குழியில் ஒரு தடவை விழுந்துதான் எழுந்திருப்பார்கள். எம்எல்பி.டிவி என்பது வெளியூர் ரசிகனுக்கான சரக்கு. 30 அணிகளுக்கும் ஆளுக்கொரு ஒளிபரப்பு எல்லை பிரித்துக் கொடுத்திருக்கிறார்கள், அந்த எல்லைக்குள் நேரடி ஒளிபரப்பு உரிமை உள்ளூர் சேனலுக்கு, எனவே எம்எல்பி.டிவி அங்கே அந்த அணியை மட்டும் மறைத்துவிடும். இதற்குப் பெயர்தான் பிளாக்அவுட். நியூ இங்கிலாந்து எனப்படும் வடகிழக்கு ஆறு மாநிலங்களும் ரெட் சாக்ஸின் எல்லை, அவற்றில் கனெக்டிகட்டில் மட்டும் நியூயார்க் அணிகளான யாங்கீஸும் மெட்ஸும் பங்குக்கு நிற்கிறார்கள். நீங்கள் வெஸ்ட்பரோவில் உட்கார்ந்துகொண்டு பாஸ்டன் அணியைத் தேடினால் வராது, அதே சந்தாவை டெக்சாஸில் இருக்கும் நண்பர் ஒருவர் வாங்கியிருந்தால் கிட்டத்தட்ட அத்தனை ஆட்டமும் ஜம்மென்று வந்திருக்கும்.

பாவம், அயோவாக்காரர்களை நினைத்துப் பாருங்கள். அந்த மாநிலத்துக்கென்று ஒரு மேஜர் லீக் அணிகூடக் கிடையாது, ஆனால் கப்ஸ், வைட் சாக்ஸ், கார்டினல்ஸ், ராயல்ஸ், ட்வின்ஸ், ப்ரூவர்ஸ் என்று ஆறு அணிகள் அதை எங்கள் எல்லை என்று சொந்தம் கொண்டாடுகின்றன. லாஸ் வேகாஸிலும் இதே ஆறு அணிக் கதைதான், அணிகள்தான் வேறு.

ஆக எம்எல்பி.டிவியை என்ன செய்வது? வாங்கி ஒரு மாதம்தான் ஆகிறது, வாடிக்கையாளர் சேவையைக் கூப்பிட்டு "உள்ளூர் அணி வராது என்று தெரியாமல் வாங்கிவிட்டேன்" என்று நேராகச் சொல்லிப் பணத்தைத் திருப்பிக் கேளுங்கள், கேட்பதில் வெட்கமே வேண்டாம். கொடுக்கவில்லை என்றால் இந்த நிமிடமே தானாகப் புதுப்பிக்கும் வசதியை அணைத்துவிடுங்கள், இல்லாவிட்டால் அடுத்த மார்ச்சில் கார்டிலிருந்து மறுபடி போகும். கையில் இருக்கும் வரை அதற்கும் ஒரு பயன் உண்டு: மறைக்கப்பட்ட ஆட்டமும் முடிந்து சுமார் 90 நிமிடம் கழித்து முழுப் பதிவாக அதில் வந்துவிடும். ரெட் சாக்ஸ் கலிஃபோர்னியா பக்கம் போகும்போது ஆட்டம் நமக்கு இரவு பத்து மணிக்குத்தான் தொடங்கும், பள்ளிக்கூடம் போகும் பையன் எப்படியும் தூங்கியாக வேண்டும், காலையில் ஸ்கோர் பார்க்காமல் இருக்கும் மனக்கட்டுப்பாடு அவனுக்கு இருந்தால் மாலையில் பதிவைப் போட்டுப் பார்க்கலாம். அப்புறம் இன்னொன்று, டி-மொபைல் என்ற செல்ஃபோன் கம்பெனிக்காரர்கள் பல வருடமாக சீசன் தொடக்கத்தில் தங்கள் வாடிக்கையாளர்களுக்கு எம்எல்பி.டிவியை இலவசமாகவே கொடுத்துவருகிறார்கள். உங்கள் வீட்டில் யாராவது அந்த இணைப்பில் இருந்தால் இந்த 150 டாலர் தேவையே இல்லை.

விபிஎன் போட்டு ஊரை மாற்றிக் காட்டலாமே என்று அடுத்து யாராவது சொல்வார்கள். அது சந்தா விதிகளுக்கு எதிரானது, அதற்கும் மாதக் கட்டணம் உண்டு, முக்கியமான ஆட்டத்தின் கடைசி, ஒன்பதாவது இன்னிங்ஸில் அறுந்துவிடும் வேலையும் செய்யும். நான் சிபாரிசு செய்ய மாட்டேன்.

சரி, ரெட் சாக்ஸ் எங்கேதான் இருக்கிறது? நெசன் என்ற சேனலில். 1984-ல் தொடங்கிய சேனல், அதில் 80 சதவீதம் பங்கு ஃபென்வே ஸ்போர்ட்ஸ் குரூப்புக்கு, அவர்கள்தான் ரெட் சாக்ஸுக்கும் முதலாளி (லிவர்பூல் கால்பந்து அணியும் அவர்களுடையதே). அதாவது அணியின் ஆட்டத்தை அணியின் முதலாளியே தன் சேனலில் போட்டு உங்களிடம் விற்கிறார். நெடுங்காலம் இந்தச் சேனல் கேபிள் வழியாக மட்டுமே கிடைத்தது, அதனால் பேஸ்பாலே பார்க்காத பக்கத்து வீட்டுப் பாட்டியின் பில்லிலிருந்தும் மாதாமாதம் சில டாலர் அங்கே போய்ச் சேர்ந்தது, உங்கள் பில்லில் "ஸ்போர்ட்ஸ் கட்டணம்" என்று நிற்கும் 15 டாலரின் பூர்வீகம் இதுதான். ஆட்கள் கேபிளை வெட்ட வெட்ட அந்த வருமானம் கரைந்தது. 2022 ஜூனில் நெசன் 360 என்று நேரடிச் சந்தாவைக் கொண்டுவந்தார்கள், கேபிள் இல்லாமலே வாங்கலாம், தொடங்கியபோது மாதம் 29.99 டாலர், வருடத்துக்கு 329.99, அந்த விலையை வைத்தே கணக்குப் போடுகிறேன்.

உங்களுக்கு வேண்டியது இது ஒன்றுதான். ஆனால் வாங்கும் விதத்தில் கவனம் வேண்டும்.

வருடச் சந்தாவை எடுக்காதீர்கள். "12 மாதத்துக்கு 360, வருடமாக எடுத்தால் 330, முப்பது லாபம்" என்று தோன்றும். பேஸ்பால் 12 மாத விளையாட்டா? மார்ச் கடைசியில் தொடங்கி செப்டம்பர் கடைசியில் 162 ஆட்டமும் முடிந்துவிடும். ஆறு மாதம் மட்டும் கட்டினால் 179.94 டாலர், அதாவது வருடச் சந்தாவைவிட 150 டாலர் குறைவு. அணி அக்டோபர் பிளேஆஃபுக்குப் போனாலும் நெசனை நீட்டிக்கத் தேவையில்லை, ஏனென்றால் பிளேஆஃப் ஆட்டங்கள் நெசன் மாதிரி அணிச் சேனலில் வருவதே இல்லை, அவை தேசிய சேனல்களுக்குப் போய்விடும், வேர்ல்ட் சீரிஸ் எனும் இறுதித் தொடர் ஃபாக்ஸில். இது தெரியாமல் அக்டோபரிலும் முப்பது டாலர் கட்டிவிட்டு ஆட்டத்தைத் தேடுபவர்கள் நிறைய. வருடச் சந்தா ஒரே ஒரு வகையினருக்குத்தான் கட்டுப்படியாகும்: குளிர்காலத்தில் அதே நெசனில் ப்ரூயின்ஸ் ஐஸ் ஹாக்கியும் பார்ப்பவர்களுக்கு. இன்னொரு விதிவிலக்கும் உண்டு. 2022-ல் வருடச் சந்தாவோடு எட்டு ரெட் சாக்ஸ் டிக்கெட் சேர்த்துக் கொடுத்தார்கள், அப்படி ஏதாவது சலுகை கண்ணில் பட்டால் கணக்கே மாறிவிடும், உடனே எடுங்கள்.

162-ல் பெரும்பாலானவை நெசனில் வந்துவிடும். மிச்சம் சில ஆட்டங்கள்தான் தலைவலி. இந்த 2026-லிருந்து தேசிய ஒளிபரப்பைக் கலைத்துப் போட்டு மறுபடி பங்கிட்டிருக்கிறார்கள்: ஞாயிறு இரவு ஆட்டம் இஎஸ்பிஎன்னிடமிருந்து என்பிசி, அதன் இன்டர்நெட் சேவையான பீகாக் பக்கம் போய்விட்டது, வெள்ளிக்கிழமை இரட்டை ஆட்டங்கள் 2022-லிருந்தே ஆப்பிளிடம் இருக்கின்றன, தொடக்க நாள் இரவு ஆட்டம் நெட்ஃபிளிக்ஸிடம், எம்எல்பி.டிவியை விற்பது இப்போது இஎஸ்பிஎன். ஒவ்வொன்றுக்கும் ஒரு சந்தா என்று எடுத்தால் நீங்கள் கேபிளை வெட்டியதற்கு அர்த்தமே இல்லை, திரும்ப அதே 142-க்கு வந்து நிற்பீர்கள். என் யோசனை: ஒரு 30 டாலருக்கு ஆன்டெனா வாங்கி மேல்மாடி ஜன்னலோரம் வையுங்கள். பாஸ்டன் சேனல்களின் கோபுரங்கள் நீடம், நியூட்டன் பக்கம்தான் இருக்கின்றன, உங்களிடமிருந்து சுமார் 20 மைல், ஃபாக்ஸும் என்பிசியும் இலவசமாக வரும், பில்லில் "லோக்கல் சேனல்" என்று 28 டாலர் பிடுங்குகிறார்களே, அதே சேனல்கள். சுண்டைக்காய் கால் பணம், சுமைக்கூலி முக்கால் பணம் என்பதற்கு அமெரிக்க கேபிள் பில்லைவிட நல்ல உதாரணம் நான் பார்த்ததில்லை. ஆப்பிளில் மட்டும் வரும் வெள்ளிக்கிழமைகளுக்கு ரேடியோ, 93.7 எஃப்எம், வர்ணனை காசில்லாமல் வரும். பையனுக்குப் பிடிக்காது என்று நினைக்காதீர்கள், ரேடியோவில் பேஸ்பால் கேட்டு வளர்ந்த பிள்ளைகளுக்கு ஆட்டம் இன்னும் நன்றாகப் புரியும் என்பது என் கட்சி.

யூடியூப் டிவி எடுக்கலாமா என்று கேட்க நினைத்திருந்தால், அவர்கள் 2020 கடைசியில் நெசனைக் கைவிட்டவர்கள். ஃபியூபோவும் டைரக்டிவி ஸ்ட்ரீமும் நெசன் காட்டினவை, ஆனால் அவை முழு கேபிள் பேக்கேஜுக்கு மறுபெயர், ஒரு சேனலுக்காக அவ்வளவு கொடுக்க வேண்டியதில்லை.

இப்போது கணக்கு. டிவிக்காக மட்டும் மாதம் 142, வருடத்துக்கு 1,704. அறுபது ஆட்டத்தால் வகுத்தால் ஒரு ஆட்டத்துக்கு 28 டாலர் 40 சென்ட். அதுவும் பனிகாலத்தில் ஒரு ஆட்டம்கூட இல்லாத ஆறு மாதத்துக்கு 852 டாலர் சும்மா போகிறது, அதுதான் எனக்கு வயிற்றெரிச்சல். நெசன் 360 ஆறு மாதத்துக்கு என்றால் ஒரு ஆட்டம் மூன்று டாலர். ஒரு எச்சரிக்கை: டிவியை எடுத்ததும் "இரண்டையும் சேர்த்து வாங்கியதற்கான பண்டில் தள்ளுபடி போய்விட்டது" என்று இன்டர்நெட் விலையை ஏற்றுவார்கள். 70 என்பது 85 ஆகும் என்றே வைத்துக்கொள்வோம், வருடத்துக்கு 180. அதைக் கழித்து, நெசனைக் கழித்து, ஆன்டெனாவையும் கழித்தால் முதல் வருடம் கையில் மிஞ்சுவது கிட்டத்தட்ட 1,314 டாலர்.

இந்தக் காசு எங்கே போக வேண்டும் என்பதில்தான் நான் கொஞ்சம் கறாராகப் பேசப் போகிறேன். நீங்கள் டிவியைப் பற்றிக் கேட்டீர்கள், நடுவில் ஒரு வரியில் 2,400 டாலர் கார்டு பாக்கியைச் சொல்லிவிட்டு நகர்ந்துவிட்டீர்கள். 24 சதவீதத்தில் அதற்கு வருட வட்டி 576 டாலர், அதாவது மாதம் 48. நெசனுக்குக் கொடுக்கப்போவதைவிட அதிகம், பார்க்க ஒரு பந்துகூட இல்லை. எனவே மிச்சமாகும் பணத்தைப் பையன் படிப்பு, பங்குச் சந்தை என்று எங்கேயும் கொண்டுபோகாதீர்கள், 24 சதவீத லாபம் உறுதியாகத் தரும் முதலீடு எவரிடமும் கிடையாது. சீசன் மாதங்களில் 97, மற்ற மாதங்களில் 127 மிஞ்சும், இப்போது கட்டும் குறைந்தபட்சத் தொகையைக் குறைக்காமல் இதை அதன்மேல் போடுங்கள். பாக்கி குறையக் குறைய வங்கியே குறைந்தபட்சத் தொகையைக் குறைத்துக் காட்டும், அதற்கு மயங்காமல் பழைய தொகையையே கட்டுங்கள். ஒரு வருடத்தில் பாதிக்கு மேல் கரைந்துவிடும். அதுவரை அந்தக் கார்டில் எந்தச் சந்தாவும் ஓட வேண்டாம், நெசனை டெபிட் கார்டில் வையுங்கள்.

உங்கள் மனைவி சொன்னதில் பாதி சரி. ரெட் சாக்ஸின் சொந்த மைதானமான ஃபென்வே பார்க்கில் டிக்கெட்டைவிட பார்க்கிங்தான் ஆளைக் கொல்லும், ஆனால் உங்கள் ஊருக்கு அந்தக் கவலையே இல்லை: வூஸ்டர் லைன் ரயில் வெஸ்ட்பரோவில் நிற்கிறது, லான்ஸ்டவுனில் இறங்கினால் நாலு எட்டில் மைதானம். சனி, ஞாயிறு என்றால் ஆளுக்கு 10 டாலர் பாஸில் போய் வரலாம். வருடத்துக்கு ஒரு தடவை போங்கள், போதும். அதைவிட எனக்குப் பிடித்தது எதிர்த்திசையில் இருக்கிறது. வூஸ்டரில் 2021-ல் திறந்த போலார் பார்க்கில் ரெட் சாக்ஸின் டிரிபிள்-ஏ அணி விளையாடுகிறது, மேஜர் லீக்குக்கு ஒரு படி கீழே. இன்று அங்கே ஆடும் பையன் அடுத்த வாரம் நெசனில் ஃபென்வேயில் நிற்பான், காயம்பட்ட பெரிய ஆட்டக்காரர்களும் திரும்புவதற்கு முன் இங்கே வந்து பழகிவிட்டுத்தான் போவார்கள். டிக்கெட்டும் ஃபென்வேயைவிட மலிவு. 11 வயசில் நானாக இருந்தால் டிவியையே கேட்க மாட்டேன்.

வேற்றூர் வாசகர்களுக்கு ஒரு வார்த்தை, ஏனென்றால் இந்தப் பதிலை அப்படியே பார்த்து யாரும் வாங்கிவிடக் கூடாது. 2023 மார்ச்சில் பல அணிகளின் உள்ளூர் சேனல்களை நடத்திய டைமண்ட் ஸ்போர்ட்ஸ் திவாலானது, அந்த மே மாதக் கடைசியில் சான் டியாகோ பாட்ரேஸ் ஒளிபரப்பை லீக்கே எடுத்து நடத்த ஆரம்பித்தது, பிறகு மேலும் சில அணிகள் அந்த வழிக்கு வந்தன. அங்கெல்லாம் உள்ளூரிலேயே லீக்கிடம் நேராக அணிச் சந்தா வாங்கலாம், பிளாக்அவுட் தொல்லை இல்லை, பாட்ரேஸுக்கு 2024 சீசன் முழுவதும் 99.99 டாலர்தான். அதனால் விலையைப் பார்ப்பதற்கு முன் உங்கள் ஜிப் கோடை எம்எல்பி தளத்தில் போட்டு எந்த அணிகள் மறைக்கப்படும் என்று பாருங்கள்.

வெஸ்ட்பரோக்காரருக்கு, செய்ய வேண்டிய வரிசை. இந்த வாரமே நெசன் 360-ஐ எடுத்துக் கேபிள் இருக்கும்போதே இரண்டு ஆட்டம் ஓட்டிப் பாருங்கள், உங்கள் வைஃபை தாங்குகிறதா என்று தெரிந்துவிடும். பிறகு கேபிள் கம்பெனியைக் கூப்பிடுங்கள், ஒப்பந்தம் நடுவில் இருந்தால் முறிக்கும் கட்டணம் எவ்வளவு என்று முதலில் கேளுங்கள், அது மூன்று மாத மிச்சத்தைவிடக் குறைவென்றால் கட்டிவிட்டு வெளியே வாருங்கள். ஃபோனில் "ஆறு மாதத்துக்கு 40 டாலர் குறைக்கிறோம்" என்று இழுப்பார்கள், 102 என்பதும் அதிகம்தான் என்று சொல்லுங்கள். பாக்ஸைத் தபாலில் அனுப்பாமல் நேரில் கொண்டுபோய்க் கொடுத்து ரசீது வாங்குங்கள், நான் ரசீது வாங்காமல் வந்து, கொடுத்த பெட்டிக்கு நான்கு மாதம் கழித்துப் பணம் கட்டியவன். ஃபோன் காலண்டரில் செப்டம்பர் 25 என்று ஒரு அலாரம் வையுங்கள்: நெசன் ரத்து.