மாணவர் தேர்தலில் நிற்கப் போகிறீர்களா? கேள்வி பதில்

வடக்கே ஒரு மத்தியப் பல்கலைக்கழகத்தில் படித்தபோது இரண்டு மாணவர் தேர்தல்களை நடத்திய குழுவில் இருந்தேன். கேளுங்கள், தெரிந்ததைச் சொல்கிறேன்.

அண்ணா, முதுநிலை முதலாண்டு. வந்ததுமே பொதுச்செயலாளர் பதவிக்கு நிற்கச் சொல்கிறார்கள் நண்பர்கள்.

அவசரப்படாதீர்கள் தம்பி. மாணவர் தேர்தல்களை ஒழுங்குபடுத்த அமைத்த லிங்டோ குழுவின் விதிகளை 2006-இல் உச்ச நீதிமன்றம் நடைமுறைக்குக் கொண்டுவந்தது. அவற்றின்படி, தலைவர், செயலாளர் போன்ற பொறுப்பாளர் பதவிக்கு ஒருவர் ஒரே முறைதான் போட்டியிடலாம். செயற்குழு உறுப்பினர் பதவிக்கு இரண்டு முறை. தோற்றாலும் அந்த ஒரு வாய்ப்பு போனதுதான். முதலில் துறைப் பிரதிநிதியாக நில்லுங்கள்.

எங்கள் துறையில் ஒரு தங்கை அப்படித்தான் நின்றார். இந்தி அரைகுறை. இரவுச் சாப்பாடு முடிந்ததும் ஒரு நோட்டோடு பெண்கள் விடுதியில் அறை அறையாகப் போவார். ஓட்டுக் கேட்பதற்கு முன்னால் குறைகளைக் கேட்டு எழுதிக்கொள்வார். அந்த நோட்டை நான் பார்த்திருக்கிறேன்: மூன்றாம் மாடிக் குழாய், நான்கு மாதமாக வராத உதவித்தொகை, நூலகத்தில் எரியாத விளக்கு. ஜெயித்த பிறகும் அதே நோட்டோடுதான் அதிகாரிகளிடம் போனார்.

ஒரு அரியர் இருக்கிறது. நிற்கலாமா?

முடியாது. போட்டியிடும் ஆண்டில் அரியர் இருக்கக் கூடாது, அட்டெண்டன்ஸ் 75 சதவீதம் வேண்டும். பிரசாரத்துக்காக வகுப்பை விடாதீர்கள்.

ஆய்வு மாணவருக்கு வயது வரம்பு?

28. இளநிலைக்கு 22.

அட்டெண்டன்ஸ் 73 இருக்கிறது, பரவாயில்லையா?

மேலேயே சொன்னேன். 75.

எங்கள் கல்லூரியில் தேர்தலே கிடையாது, நியமனம்தான்.

அதற்கும் விதிகளில் இடம் உண்டு. எந்த அடிப்படையில் நியமிக்கிறார்கள் என்று கல்லூரி முதல்வர் அலுவலகத்தில் எழுத்தில் கேளுங்கள்.

செலவு வரம்பு 5,000 ரூபாய் என்பது 2006 கணக்கு. பணக்காரன் மீறுகிறான், நேர்மையானவன் தோற்கிறான். வரம்பையே எடுத்துவிடலாமே?

ஒப்ப மாட்டேன். வரம்பை ஏற்றலாம், எடுக்கக் கூடாது. அச்சடித்த சுவரொட்டிக்குத் தடை, கையால் எழுதியது மட்டும்தான். சார்ட் பேப்பரும் பத்து நண்பர்களும் இருந்தால் ஏழை மாணவரும் நிற்க முடிகிறது. டெல்லிப் பல்கலைக்கழகத் தேர்தலில் சுவர்களை நாசமாக்கியதால், 2024 செப்டம்பரில் பதிவான ஓட்டுகளை எண்ணவே உயர் நீதிமன்றம் விடவில்லை. நவம்பரில்தான் முடிவு வந்தது.

இரண்டு மாதம் தள்ளிப்போனது, அவ்வளவுதானே? காசு உள்ளவனுக்கு என்ன நஷ்டம்?

நியாயமான கேள்வி. அதனால்தான் கணக்கைப் பிடியுங்கள் என்கிறேன். முடிவு வந்த இரண்டு வாரத்துக்குள் தணிக்கை செய்த செலவுக் கணக்கை ஒவ்வொரு வேட்பாளரும் தர வேண்டும். பல்கலைக்கழகம் அதை எல்லோரும் பார்க்கும்படி வெளியிட வேண்டும். வரம்பு மீறினால் வெற்றியே செல்லாது. எங்கள் காலத்தில் பலகையில் ஒட்டிய கணக்கை நின்று படித்தவர்கள் இரண்டே பேர். அந்தக் காகிதங்களைத் தட்டச்சு செய்து ஒட்டியவன் என்ற முறையில் இன்னும் வருத்தம் உண்டு. நீங்கள் போய்ப் படியுங்கள். ஐந்நூறு டி-ஷர்ட் கொடுத்தவர் 4,800 ரூபாய் காட்டியிருந்தால், படம் எடுத்து, குறைதீர்ப்புக் குழுவிடம் எழுத்தில் புகார் கொடுங்கள். முடிவு வந்த மூன்று வாரத்துக்குள் கொடுத்துவிட வேண்டும்.