பத்தாம் வகுப்பு மாணவர்களுக்கு மனித குரோமோசோம்களைச் செய்முறையாக எப்படிச் சொல்லிக்கொடுப்பது?

நான் அறிவியல் ஆசிரியர். கத்தரிக்கோலும் பசையும் இருந்தால் போதும் என்பேன். ஆனால் மனித செல்லில் இருக்கும் குரோமோசோம்கள் 46 என்பதை முதலிலேயே சொல்லிவிடாதீர்கள்.

குரோமோசோம்கள் சிதறிக் கிடக்கும் ஒரு செல்லின் படத்தை நகலெடுத்துக் குழுவுக்கு ஒன்றாகக் கொடுங்கள். வெட்டி, ஜோடி சேர்த்து, பெரியதில் தொடங்கி வரிசையாக ஒட்டட்டும். நீளம், சென்ட்ரோமியர் (குரோமோசோமில் இடுங்கித் தெரியும் பகுதி) இருக்கும் இடம், கறுப்பு வெள்ளைப் பட்டைகள், இவைதான் அடையாளம். முதல் மூன்று ஜோடிகள் சட்டென்று அகப்படும். 13, 14, 15-இல் சென்ட்ரோமியர் நுனியை ஒட்டி இருப்பதால் அவையும் தனித்துத் தெரியும். 6 முதல் 12 வரைதான் பெரும்பாடு. நீளத்தில் பெரிய வித்தியாசம் இருக்காது, எக்ஸ் குரோமோசோமும் அதே கூட்டத்தில்தான் நிற்கும். அங்கே உதவிக்குப் போகாதீர்கள். பட்டைகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, "இது அதோட ஜோடி இல்ல" என்று அவர்களே வாதாடட்டும். மனப்பாடம் செய்த பிள்ளைக்கும் பார்த்துக் கற்ற பிள்ளைக்கும் உள்ள வேறுபாடு அங்கேதான் உருவாகிறது.

எண்ணி முடித்த பிறகு இந்தக் கதையைச் சொல்லுங்கள். 1920களில் பெயின்டர் என்ற ஆராய்ச்சியாளர் 48 என்று சொன்னதை முப்பது ஆண்டுகளுக்கு மேல் உலகமே நம்பியது. 1956-இல்தான் ஸ்வீடனின் லுண்ட் நகரிலிருந்து ஜியோ, லெவான் என்ற இரு ஆராய்ச்சியாளர்கள் 46 என்று வெளியிட்டார்கள். செல்களை நன்றாக உப்பவைத்து, குரோமோசோம்கள் ஒன்றன்மேல் ஒன்று கிடக்காமல் பரப்பும் முறை வந்த பிறகே எண்ணுவது எளிதானது.

அப்புறம் ஒரு குழுவுக்கு மட்டும் 21-ஆவது குரோமோசோம் மூன்று உள்ள படத்தைக் கொடுங்கள். மீந்த ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு திரும்பத் திரும்ப எண்ணுவார்கள். இப்படி 21-ஆவது குரோமோசோம் கூடுதலாக இருப்பதால் வரும் டவுன் சிண்ட்ரோம் பற்றிப் பேச அதுவே சரியான நேரம். வகுப்பில் யாருடைய தம்பிக்கோ தங்கைக்கோ அது இருக்கலாம், மரியாதையாகப் பேசுங்கள்.

நேரம் இருந்தால், ஒரு கருமுட்டைக்கோ விந்தணுவுக்கோ ஒவ்வொரு ஜோடியிலிருந்தும் எது போகும் என்று பார்க்க நாணயம் சுண்டுங்கள். ஒரு ஜோடிக்கு ஒரு தடவை என 23 தடவை. தலை விழுந்தால் அம்மாவிடமிருந்து வந்தது, பூ விழுந்தால் அப்பாவிடமிருந்து வந்தது. மொத்தம் 83,88,608 வகைச் சேர்க்கை சாத்தியம். ஜோடிக் குரோமோசோம்கள் தங்களுக்குள் துண்டுகளை மாற்றிக்கொள்ளும் குறுக்கே கலத்தல் (crossing over) இதில் சேரவில்லை. அதற்கு இரண்டு நிறக் களிமண் உருளைகளைச் செய்து, நுனியை வெட்டி மாற்றி ஒட்டச் சொல்லுங்கள்.

நாக்கை மடிக்க வருகிறதா என்று கேட்டுக் குடும்ப மரம் வரையும் பழைய பயிற்சியை மட்டும் விட்டுவிடுங்கள். அது ஒரே ஒரு ஜீனால் தீர்மானிக்கப்படும் பண்பு இல்லை.