மகள் பல்கலைக்கழக விளையாட்டு இயக்குநர் ஆக வேண்டும் என்கிறாளா?

கடலூர் மஞ்சக்குப்பத்திலிருந்து எழுதிய அம்மாவுக்கு வணக்கம்.

பிளஸ் டூ முடித்த மகள் வாலிபால் ஆடுகிறாள், பல்கலைக்கழகத்தில் விளையாட்டு இயக்குநர் ஆவேன் என்கிறாள், வீட்டுக்காரரோ "பி.டி. வேலைக்கா இத்தனை வருஷம் படிப்பு?" என்று கேட்கிறார். அவர் கேள்வியும் நியாயம்தான், அதற்குக் கடைசியில் வருகிறேன்.

மகள் அமெரிக்க வீடியோ எதையாவது பார்த்திருந்தால் ஒன்றைத் தெளிவாக்கிவிடுங்கள். அங்கே அந்தப் பதவியில் இருப்பவர் பயிற்சியாளர்களை நியமிப்பார், டிக்கெட் வருமானம், நன்கொடை, டிவி ஒப்பந்தம் என்று பெரிய பணத்தை மேய்ப்பார். நம் ஊரில் உடற்கல்வி இயக்குநர் என்பது யுஜிசி (பல்கலைக்கழக மானியக் குழு) விதிக்குள் வரும் பதவி. கல்லூரி இயக்குநர் அல்லது பல்கலைக்கழக உதவி இயக்குநர், பிறகு துணை இயக்குநர், மேலே இயக்குநர் என்று படிகள்.

வேலையில் பாதி மைதானம், மீதி ஃபைல். பல்கலைக்கழகங்களுக்கு இடையேயான தென்மண்டலப் போட்டிக்குப் பெண்கள் அணி கிளம்புகிறது என்று வையுங்கள். ஒவ்வொரு பிள்ளைக்கும் தகுதிப் படிவம், போட்டோ, மார்க் ஷீட் நகல், கல்லூரி முதல்வர் கையெழுத்து வேண்டும். மார்க் ஷீட்டில் ஒரு இனிஷியல் மாறியிருந்தால் போட்டி நடக்கும் இடத்தில் வாக்குவாதம்தான். ரயில் டிக்கெட், படிக்காசு, ஜெர்சி, திரும்பி வந்ததும் முன்பணக் கணக்கு. இந்தத் தலைவலியைப் பொறுமையாகப் பார்க்கும் ஆளா உங்கள் மகள்? எவ்வளவு உயரம் குதிக்கிறாள் என்பதைவிட எனக்கு இது முக்கியமாகப் படுகிறது.

சரி, படிப்பு. ஏதாவது ஒரு டிகிரி மூன்று வருடம், அப்புறம் உடற்கல்வியில் இளநிலையான பி.பி.எட். இரண்டு, முதுகலையான எம்.பி.எட். இரண்டு. சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திலும் காலாப்பட்டு புதுவைப் பல்கலைக்கழகத்திலும் உடற்கல்வித் துறை இருக்கிறது. கடலூர்க்காரர்களுக்கு இது பெரிய வசதி. யுஜிசியின் 2018 விதிப்படி முதல் படிக்கு முதுகலையில் 55 சதவீதம் வேண்டும், இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 5 சதவீதம் சலுகை. நெட் (தேசியத் தகுதித் தேர்வு), ஸ்லெட் (மாநிலத் தகுதித் தேர்வு) அல்லது பிஎச்.டி. வேண்டும். உடல்தகுதித் தேர்வும் உண்டு: 30 வயதுக்குட்பட்ட பெண்கள் 8 நிமிடத்தில் 1000 மீட்டர் ஓட வேண்டும். ஆடுகிற பெண்ணுக்கு அது பெரிதல்ல. துணை இயக்குநர் ஆகவே பிஎச்.டி.யும் 8 வருட அனுபவமும் கேட்கிறார்கள், இயக்குநர் பதவிக்கு பிஎச்.டி.யோடு 10 வருடம்.

இதில் பலர் கோட்டை விடுவது ஒரே இடத்தில். கல்லூரி அல்லது பல்கலைக்கழக அணியிலோ, மாநில, தேசியப் போட்டியிலோ ஆடிய பதிவும் அதே விதியில் இருக்கிறது. நெட்டை அடுத்த முறை எழுதிக்கொள்ளலாம். அணியில் ஆடிய சான்றிதழை முப்பது வயதில் போய் வாங்க முடியாது. அதனால் இப்போது கல்லூரி தேடும்போது கட்டிடத்தைப் பார்க்காதீர்கள். பெண்கள் வாலிபால் அணி இருக்கிறதா, இயக்குநர் பணியிடம் நிரம்பியிருக்கிறதா, போன வருடம் எந்தப் போட்டிக்குப் போனார்கள்? அலுவலகத்தில் கேட்டால் "எல்லாம் உண்டும்மா" என்பார்கள். சாயங்காலம் ஐந்து மணிக்கு மைதானத்துக்குப் போய் அங்கே ஆடும் பிள்ளைகளிடம் கேளுங்கள்.

வீட்டுக்காரரின் கேள்விக்கு வருகிறேன். ஏழாவது ஊதியக்குழுப்படி முதல் படியின் அடிப்படைச் சம்பளமே 57,700 ரூபாய், உதவிப் பேராசிரியருக்குத் தரும் அதே அளவு. ஆனால் ஒரு கல்லூரிக்குப் பெரும்பாலும் ஒரே இயக்குநர்தான், அரசுப் பணியிடம் எப்போது நிரப்புவார்கள் என்று சொல்லவும் முடியாது. தனியார் கல்லூரிகள் இந்த அளவில் தருவது அபூர்வம். அதனால் பி.பி.எட். முடித்ததும் பள்ளி உடற்கல்விப் பணிகளுக்கும் விண்ணப்பிக்கச் சொல்லுங்கள். பயிற்சியளிப்பதில் ஆசை இருந்தால் பாட்டியாலா தேசிய விளையாட்டு நிறுவனத்தில் (என்.ஐ.எஸ்.) பயிற்சியாளர் டிப்ளமோ இருக்கிறது. முதல் வேலை பள்ளியில் அமைந்தால், எம்.பி.எட். முடித்தபின் அதில் இருந்துகொண்டே நெட் எழுதலாம்.