ஜாஜெனும் ஒரு கிண்ணம் தேநீரும் – கடிதம்

அன்புள்ள ஐயா,

வணக்கம். நவம்பரில் அம்மாவோடு ஜப்பான் போகிறேன். கியோட்டோவில் 4 நாட்கள். அதில் ஒரு காலைப்பொழுதை ஜென் கோயில் ஒன்றில் கழிக்க ஆசை. தேடினால் 'தியானமும் தேநீரும்' என்று 90 நிமிட வகுப்புகள் வரிசையாக வருகின்றன. இப்படிப் பயணிகளுக்கென்று நடத்துவது உண்மையான தியானம்தானா, வெறும் காட்சியா? துறவி கட்டையால் தோளில் அடிப்பாராமே, அது கட்டாயமா? எனக்குச் சம்மணமிட்டு 20 நிமிடம் உட்கார்ந்தாலே கால் மரத்துவிடும். அம்மாவுக்கு 66 வயது, மூட்டு வலி, தரையில் உட்காரவே முடியாது.

இன்னொன்று: வீட்டில் ஒருமுறை மாட்சா என்ற பச்சைத் தேயிலைத் தூளைக் கலக்கிப் பார்த்தோம். கட்டிகட்டியாக, வேப்பங்கொழுந்து மாதிரிக் கசந்தது. அதையா இத்தனை மரியாதையோடு குடிக்கிறார்கள்? நாங்கள் சைவம், முட்டையும் சாப்பிட மாட்டோம்.

அன்புடன்,
கவிதா, கோவை

அன்புள்ள கவிதா,

காட்சி இல்லை. ஜாஜென் என்பது உட்கார்ந்து செய்யும் ஜென் தியானம். பயணி உட்காரும் 20 நிமிடமும் துறவி உட்காரும் நேரமும் இருக்கையில், மூச்சில், கையமைப்பில் ஒன்றுதான். உங்களுக்குக் கிடைக்காதவை வேறு. துறவிக்கு அது அன்றாடம். ஜென்னின் ஒரு கிளையான ரின்ஸாய் மரபில் குரு கோஆன் என்ற புதிர் ஒன்றைக் கொடுத்து, தனியறைக்கு அழைத்து விடை கேட்பார். டிசம்பர் 1 முதல் 8 வரை தூக்கத்தைச் சுருக்கிக்கொண்டு இரவும் பகலும் உட்காருவார்கள். இதெல்லாம் ஒரு காலைப்பொழுதுக்குள் அடங்காது. உட்காரும் முறை அடங்கும். அதைச் சரியாகக் கற்றுக்கொண்டு வந்தால் வீட்டுக் கூடத்திலேயே தொடரலாம்.

கோயிலைத் தேர்ந்தெடுக்கும் முன் மரபைத் தெரிந்துகொள்ளுங்கள். கியோட்டோவின் பெரிய ஜென் கோயில்களான கென்னின்-ஜி, மியோஷின்-ஜி, தைதோகு-ஜி எல்லாம் ரின்ஸாய். அங்கே அறையின் நடுப்பக்கம் முகம் வைத்து, எதிரெதிர் வரிசையாக உட்காருவார்கள். ஜென்னின் இன்னொரு கிளையான ஸோட்டோ மரபில் சுவரைப் பார்த்து உட்காருவார்கள். அது வேண்டுமென்றால் ரயிலில் அரை மணி நேரத் தூரத்தில் ஊஜியில் கோஷோ-ஜி இருக்கிறது. ஸோட்டோ மரபை ஜப்பானில் நிறுவிய தோகென் தொடங்கிய கோயில், பிற்காலத்தில் ஊஜிக்கு இடம் மாறியது. ஊரும் தேயிலைக்குப் பேர்போன ஊர். ஆங்கிலத்தில் விளக்கிச் சொல்ல வேண்டுமென்றால் மியோஷின்-ஜி வளாகத்துக்குள் இருக்கும் ஷுன்கோ-இன் அதற்கு அறியப்பட்ட இடம். உள்ளூர்க்காரர்களுக்காகப் பல கோயில்களில் விடியற்காலை அமர்வுகளும் உண்டு, ஆனால் பேச்செல்லாம் ஜப்பானிய மொழியில்தான் இருக்கும். நவம்பரில் மேப்பிள் இலை சிவப்பதைப் பார்க்கக் கூட்டம் அலைமோதும், ஆகவே முன்பதிவை இப்போதே செய்யுங்கள். தொடங்கியபின் வருபவர்களைப் பொதுவாக உள்ளே விடமாட்டார்கள். கால் மணி நேரம் முன்னதாகப் போய்விடுங்கள்.

இனி உட்காருவது. நாம் பந்தியில் சம்மணமிட்டுப் பழகியவர்கள், அதனால் இது நமக்கு எளிது என்று நினைத்துக்கொள்கிறோம். நாம் பழகியது முதுகை வளைத்து உட்காரத்தான். சமதரையில் உட்கார்ந்தால் இடுப்பு பின்னால் சாயும், முதுகு கூன் போடும், முழங்கால்கள் அந்தரத்தில் நிற்கும். அதற்காகத்தான் ஜாஃபு என்ற உருண்டைத் திண்டு. அதன் நட்டநடுவில் ஏறி உட்காருவதுதான் எல்லோரும் செய்யும் தவறு. முன்பக்க மூன்றில் ஒரு பங்கிலிருந்து பாதிக்குள் மட்டும் உட்காருங்கள். இடுப்பு முன்னால் சரியும், முழங்கால் இரண்டும் தானாக இறங்கிக் கீழே விரித்திருக்கும் சதுர மெத்தையைத் தொடும். இரண்டு முழங்கால், ஒரு பிட்டம் என்று மூன்று புள்ளிகளும் உறுதியாகப் பதிய வேண்டும். ஒரு முழங்கால் தூக்கிக்கொண்டு நின்றால் அதன் அடியில் துணியை மடித்து வையுங்கள், அல்லது இன்னொரு திண்டு கேளுங்கள். கேட்பதில் குறை ஒன்றும் இல்லை.

பத்மாசனம் வராவிட்டால் அர்த்த பத்மாசனம், அதுவும் வராவிட்டால் வஜ்ராசனம். திண்டைத் தொடைகளுக்கு நடுவே செங்குத்தாக நிறுத்தி அதன் மேல் உட்காரலாம். வலியை மட்டும் பிரித்துப் பார்க்கத் தெரிய வேண்டும். தொடையும் பாதமும் மரத்துப்போவது நரம்பு அழுந்துவதால், காலை நீட்டினால் சரியாகிவிடும். முழங்காலின் உள்பக்கம் சுரீரென்று குத்தினால் அப்படி இல்லை. முழங்கால் கதவுக்கீல் மாதிரியான மூட்டு, நன்றாக மடங்கும், அதிகம் முறுகாது. இடுப்பு மூட்டு போதிய அளவு திரும்பாதபோது அந்த முறுக்கு முழுக்க முழங்காலில் இறங்குகிறது. அந்த வலியைத் தாங்குவது தவம் ஆகாது. உடனே காலை எடுத்துவிடுங்கள்.

உட்கார்ந்ததும் உடம்பை இடமும் வலமும் ஆட்டி, வீச்சைக் குறைத்துக்கொண்டே வந்து நடுவில் நில்லுங்கள். வலது உள்ளங்கையின் மேல் இடது கை, கட்டைவிரல் நுனிகள் இரண்டும் பட்டும் படாமலும். நம் புத்தர் சிலைகளில் பெரும்பாலும் வலது கைதான் மேலே இருக்கும், இங்கே மாற்றம். வேலை செய்யும் வலது கையை ஓய்ந்த இடது கை மூடுகிறது என்று விளக்கம் சொல்வார்கள். இந்தக் கட்டைவிரல்கள்தான் உங்களுக்குக் கண்ணாடி. தூக்கம் வந்தால் அவை தொய்ந்து பிரியும். மனம் இறுகினால் ஒன்றையொன்று அழுத்தி மலைபோல் எழும்பும்.

கண்ணை மூடாதீர்கள். பாதி திறந்து, 1 மீட்டர் தள்ளித் தரையில் பார்வையை இறக்கி வையுங்கள். மூடினால் ஒன்று தூக்கம், இல்லாவிட்டால் கற்பனை. வாயை மூடி, நாக்கின் நுனியை மேல்பற்களின் பின்பக்கம் ஒட்டிவைத்து, மூக்கால் மூச்சுவிடுங்கள். வெளிமூச்சை 1 முதல் 10 வரை எண்ண வேண்டும். மூச்சு முழுதும் எண் பரவியிருக்கட்டும்: 'ஒ…' என்று தொடங்கி '…ன்று' என்பதில் மூச்சு முடியட்டும். மூச்சை நீட்ட முயலாதீர்கள், அதுவே நீளும். எண்ணிக்கை தவறினால் 1-க்குத் திரும்புங்கள். 13, 14 என்று போய்க்கொண்டிருந்தால் எண்ணியது வாய் மட்டும்தான், அப்போதும் 1.

முடிவு மணி அடித்ததும் எழுந்துவிடாதீர்கள். காயம் படுவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான். மரத்த பாதம் தரையில் எப்படிப் பதிந்தது என்று தெரியாமல் எடையைப் போட்டால் கணுக்கால் மடங்கிச் சுளுக்கிக்கொள்ளும். காலை நீட்டி, விரல்களைப் பின்னுக்கு மடக்கி, உள்ளங்காலில் உணர்வு வந்தபின் எழுந்திருங்கள். யாரும் அவசரப்படுத்த மாட்டார்கள்.

கட்டை விஷயத்தில் பயம் வேண்டாம். ரின்ஸாயில் அதன் பெயர் கெய்சாகு. தட்டையான நீண்ட மரத்துண்டு. பயணிகள் அமர்வுகளில் கேட்டால்தான் அடி. துறவி உங்கள் முன்னால் வரும்போது கைகூப்பினால் அதுதான் கேட்பது. இருவரும் வணங்கியபின் நீங்கள் முன்னால் குனிய வேண்டும். தோளுக்கும் முதுகுத்தண்டுக்கும் நடுவில் இருக்கும் சதைப்பகுதியில் இரு பக்கமும் விழும். ஸோட்டோவில் பின்னாலிருந்து வலது தோளில் மட்டும், அதனால் தலையை இடப்பக்கம் சாய்த்துக் காதையும் கழுத்தையும் விலக்கிக்கொள்ள வேண்டும். ஓசைதான் பெரிது. உட்கார்ந்து உட்கார்ந்து இறுகிய சதையைத் தளர்த்தி விழிப்பூட்டத்தான் அந்த அடி. பயந்து தோளைக் குறுக்கினால் அடி எலும்பில் படும். கழுத்து, தோள் உபாதை இருந்தால் கேட்காதீர்கள்.

உடை தளர்வாக, அடர்நிறத்தில் இருக்கட்டும். ஜீன்ஸ் முழங்காலில் பிடிக்கும். தியான மண்டபத்தில் காலுறையைக் கழற்றச் சொல்வார்கள், குளிரிலும் சன்னல்கள் திறந்திருக்கலாம், ஆகவே உள்ளே ஒரு அடுக்கு கூடுதலாக அணியுங்கள். வளையல், கொலுசு, மோதிரம், கைக்கடிகாரம் எல்லாவற்றையும் கழற்றி வையுங்கள். அந்த அமைதியில் ஒரு வளையல் அசைந்தால் மண்டபம் முழுக்கக் கேட்கும், தேநீர் அறையில் அதே வளையல் பழைய கிண்ணத்தைக் கீறும். சென்ட் வேண்டாம், ஊதுவத்தி மணத்தைக் கெடுக்கும்.

தேநீருக்கு வருவோம். 'கோயிலில் தேநீர்' என்ற பெயரில் மூன்று வேறு வேறு விஷயங்கள் இருக்கின்றன, பதிவு செய்யும்போது எது என்று கேட்டுக்கொள்ளுங்கள். தியானத்துக்குப் பின் எல்லோரும் சேர்ந்து குடிப்பது சாரெய். அது பயிற்சியின் பகுதி, பெரும்பாலும் சாதாரண இலைத்தேநீர்தான். தோட்டத்தைப் பார்த்தபடி ஒரு இனிப்பும் மாட்சாவும் கொடுப்பது இரண்டாவது, கலக்குவது உள்ளே நடக்கும். கண் முன்னால் நீர் மொண்டு, கிண்ணம் துடைத்து, கலக்கித் தருவது மூன்றாவது. அதுதான் நீங்கள் படங்களில் பார்த்தது.

இவற்றுக்கெல்லாம் வேர் தூக்கத்தை விரட்டுவதில் இருக்கிறது. சீனாவிலிருந்து 1191-இல் திரும்பிய எய்சாய் என்ற துறவி ரின்ஸாய் ஜென்னையும் தேயிலை விதையையும் கொண்டுவந்தார் என்பார்கள். 1202-இல் கென்னின்-ஜியை நிறுவினார், 1211-இல் தேநீரின் மருத்துவ குணம் பற்றி நூல் எழுதினார். ஜென் மரபின் முதல் குருவாகக் கருதப்படும் போதிதர்மர் தியானத்தில் தூங்கிவிட்டபோது தன் இமைகளை அறுத்து எறிந்தார், அவை விழுந்த இடத்தில் தேயிலைச் செடி முளைத்தது என்ற கதையும் இதையே சொல்கிறது. (போதிதர்மரைத் தென்னிந்திய அரசரின் மூன்றாம் மகன் என்கிறது ஒரு பழைய சீனக் குறிப்பு, பாரசீகர் என்கிறது இன்னொன்று. காஞ்சிபுரம் அந்தப் பழைய குறிப்புகளில் இல்லை.) கென்னின்-ஜியில் ஏப்ரல் 20 அன்று எய்சாய் நினைவாக இன்றும் பழைய முறையில் தேநீர் நடக்கிறது. தூள் போட்ட கிண்ணத்தை விருந்தினர் ஏந்திக்கொள்ள, துறவி வந்து வெந்நீர் ஊற்றி, அவர் கையிலேயே அதைக் கலக்கிவிட்டுப் போகிறார்.

உங்கள் மாட்சா கசந்ததற்கு மூன்று காரணங்கள் இருக்கலாம்: கொதிநீர், சலிக்காத தூள், காற்றுப்பட்ட பழைய டப்பா. 2 கிராம் தூளைச் சல்லடையில் சலித்துக் கிண்ணத்தில் போடுங்கள். கொதித்த நீரை 80 டிகிரிக்கு ஆறவிடுங்கள், வேறொரு பாத்திரத்துக்கு மாற்றினாலே கணிசமாகக் குறையும். 70 மில்லி போதும். மூங்கில் மத்தை முன்பே வெந்நீரில் நனைத்து இளக்குங்கள், காய்ந்த நுனி ஒடியும். தயிர் கடைவது போலச் சுழற்றக் கூடாது. மணிக்கட்டை மட்டும் அசைத்து முன்னும் பின்னும் வேகமாக, அடியைத் தொடாமல் 15 முதல் 20 நொடி. நுரை மெல்லியதானதும் மத்தை நடுவில் நிறுத்தி மேலே எடுங்கள். மாட்சா நீரில் கரைவதில்லை, மிதக்கிறது. வைத்து வைத்துக் குடித்தால் தூள் அடியில் தங்கி, கடைசி மிடறு சேறாகிவிடும்.

இனிப்பை முழுக்கச் சாப்பிட்ட பிறகுதான் கிண்ணத்தைத் தொட வேண்டும். வடையும் காபியும் போல மாற்றி மாற்றி அல்ல. நாக்கில் தங்கிய இனிப்பின் மேல் கசப்பு வந்து இறங்கும்போதுதான் மாட்சாவின் சுவை தெரியும். வெறும் வயிற்றில் குடித்தால் குமட்டவும் செய்யும். பக்கத்தில் இருப்பவருக்கு, முன்னால் குடிப்பதற்காக ஒரு சிறு வணக்கம். கிண்ணத்தை இடது உள்ளங்கையில் வைத்து, சற்றே உயர்த்தி, வலது கையால் கடிகாரச் சுற்றில் இரண்டு முறை சிறிதாகத் திருப்புங்கள். உங்களுக்கு மரியாதையாக அழகான முகப்பை உங்கள் பக்கம் வைத்துத் தந்திருக்கிறார்கள், அதில் வாய் வைக்காமல் விலக்குகிறீர்கள். மூன்று நான்கு மிடறில் முடித்து, கடைசி நுரையை ஓசையோடு உறிஞ்சலாம். அது முடிந்ததற்கு அடையாளம். வாய் வைத்த இடத்தை விரலால் துடைத்து, கிண்ணத்தைத் திருப்பிப் பழையபடி வையுங்கள். பிறகு குனிந்து, கிண்ணத்தைத் தரையை ஒட்டிப் பிடித்துப் பாருங்கள், நெஞ்சுயரத்துக்குத் தூக்கினால் விழுந்து உடையும். தாதாமிப் பாய்களின் துணி விளிம்பை மிதிக்காமல் நடங்கள்.

சைவம் பற்றி. தேநீரோடு தரும் இனிப்பு பெரும்பாலும் பயறு விழுதும் அரிசிமாவும்தான், யோகான் என்பது கடற்பாசிக் கட்டியால் உறைய வைப்பது. காஸ்தெலா என்ற கேக்கிலும் சில மாவு உருண்டைகளிலும் முட்டை உண்டு, பதிவின்போதே சொல்லிவிடுங்கள். கோயில் சமையலான ஷோஜின் ரியோரியில் மீன்கூடச் சேராது, வெங்காயமும் பூண்டும்கூட இல்லை. வெளியே உணவகங்களில்தான் கவனம் வேண்டும். காய்கறிக் குழம்பிலும் காய்ந்த மீன் சீவல் ஊறிய சாறு இருக்கும்.

அம்மாவுக்கு நாற்காலி கேளுங்கள். பல கோயில்களில் தருவார்கள். முதுகைச் சாய்க்காமல் முன்பாதியில் உட்கார்ந்து, இரு பாதமும் தரையில் முழுதாகப் பதிய வேண்டும். கால் எட்டாவிட்டால் அடியில் திண்டு. கையும் கண்ணும் மூச்சும் மேலே சொன்னபடியே. தேநீருக்கு மேசையும் நாற்காலியும் போட்ட முறைக்கு ரியூரெய் என்று பெயர். 1872-இல் கியோட்டோ கண்காட்சிக்கு வரும் வெளிநாட்டவருக்காக உராசென்கே என்ற தேநீர் மரபின் 11-ஆம் தலைவர் கென்கென்சாய் வகுத்தது. பதிவுக் கடிதத்தில் அந்தச் சொல்லையே எழுதி, மூட்டு வலி என்பதையும் குறிப்பிட்டுவிடுங்கள்.

அன்புடன்.