மைதான ஓரத்தில் மைக் பிடிப்பது உருப்படியான வேலையா?

கேள்வி: "என் மகள் கல்லூரிக் கூடைப்பந்து அணியில் பாயிண்ட் கார்டு, அதாவது பந்தைக் கொண்டுபோய் ஆட்டத்தை நடத்துகிறவள். அமெரிக்காவின் தொழில்முறைக் கூடைப்பந்து லீக்கான என்பிஏ ஆட்டங்களில் கோச்சை நிறுத்திக் கேள்வி கேட்கும் பெண் நிருபர்களைப் போல ஆக வேண்டும் என்கிறாள். அழகாக நின்று மைக்கை நீட்டுவதைத் தவிர அந்த வேலையில் என்ன இருக்கிறது? நம்பி இறங்கலாமா?"

"அழகாக நின்று" என்று படித்ததும் கொஞ்சம் சுருக்கென்றது. ஆனால் உங்களைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை. கல்லூரி முடியும்வரை மாவட்ட அணியில் ஆடியவள் நான். நானும் பல வருஷம் அப்படித்தான் நினைத்திருந்தேன். இறுதிப் போட்டி அமெரிக்காவில் இரவு எட்டரைக்கு என்றால் நமக்குக் காலை ஆறு மணி. அடுப்படியில் குக்கர் விசிலுக்கு நடுவே பார்க்கும்போது, அந்தப் பெண் வந்து பேசும் அரை நிமிஷத்தில்தான் நான் காபி கலக்க எழுந்து போவேன். என் அபிப்பிராயத்தை மாற்றியவர் அமெரிக்கக் கூடைப்பந்து வர்ணனையாளர் டோரிஸ் பர்க். அவரைப் பற்றிச் சொன்னாலே உங்கள் கேள்விக்குப் பாதி பதில் வந்துவிடும்.

1965இல் பிறந்தவர். எட்டுப் பிள்ளைகளில் கடைக்குட்டி. நியூஜெர்சியில் மனாஸ்குவான் என்ற கடலோர ஊரில் வளர்ந்தார். உங்கள் மகளைப் போலவே பாயிண்ட் கார்டு. 1983 முதல் 1987 வரை பிராவிடன்ஸ் கல்லூரிக்கு ஆடினார். அங்கிருந்து வெளியே வரும்போது அந்தக் கல்லூரி வரலாற்றிலேயே அதிக அசிஸ்ட் (சக வீராங்கனை புள்ளி எடுக்கும்படி பந்தைத் தருவது) கொடுத்தவர் என்ற பெயர் அவருக்கு. இதைச் சும்மா சொல்லவில்லை. அசிஸ்ட் கொடுக்கிறவளுக்கு மைதானத்தில் மற்ற ஒன்பது பேரும் எங்கே நிற்கிறார்கள், அடுத்த நொடி எங்கே போவார்கள் என்பது தெரிந்திருக்க வேண்டும். பிற்பாடு அவர் சம்பாதித்ததெல்லாம் அந்தக் கண்ணை வைத்துத்தான்.

படிப்பு முடிந்ததும் அதே கல்லூரியில் இரண்டு வருஷம் உதவிப் பயிற்சியாளர். அப்புறம் கல்யாணம். குடும்பத்தோடு இருக்க வேண்டும் என்று பயிற்சியாளர் வேலையை விட்டார். 1990இல் பிராவிடன்ஸ் பெண்கள் அணியின் ஆட்டங்களுக்கு வானொலியில் பேச ஆரம்பித்தார். அடுத்த வருஷமே ஈஎஸ்பிஎன் விளையாட்டுத் தொலைக்காட்சி. வீட்டோடு இருக்கலாம் என்று நினைத்து எடுத்த வேலை அவரை வாழ்நாள் முழுக்க விமானத்தில் உட்காரவைத்தது என்பது தனிக் கதை.

பலரும் கவனிக்காத ஒன்று உண்டு. பர்க் ஓரத்தில் நின்று தொடங்கி வர்ணனையாளர் மேசைக்குப் போனவர் அல்ல. தொடக்கத்திலிருந்தே அவர் மேசையில் உட்கார்ந்து ஆட்டத்தைப் பிரித்துச் சொல்கிறவர். பெண்கள் கல்லூரி ஆட்டம், ஆண்கள் கல்லூரி ஆட்டம், பெண்களின் தொழில்முறை லீக்கான டபிள்யூஎன்பிஏ எல்லாவற்றுக்கும் பேசினார். 2000இல் என்பிஏ அணியான நியூயார்க் நிக்ஸ் ஆட்டத்துக்கு வர்ணனை செய்த முதல் பெண்ணும் அவர்தான். இவ்வளவு இருந்தும் என்பிஏவின் பெரிய மேடையில் அவருக்குக் கிடைத்தது மைதான ஓரம். 2009 முதல் 2019 வரை இறுதிப் போட்டிகளில் அவர் ஓரத்து நிருபர். ஆட்டம் ஏன் திரும்பியது என்று தானே சொல்லக்கூடியவர், அதை மற்றவர்களிடம் கேட்டு வாங்கிச் சொல்லிக்கொண்டிருந்தார்.

சரி, அந்த ஓரத்தில் நின்று என்னதான் செய்கிறார்கள்?

இரவு ஆட்டம் என்றால் காலையிலேயே வேலை தொடங்கிவிடும். இரு அணிகளின் காலைப் பயிற்சிக்கும் போய் நிற்க வேண்டும். உதவிக் கோச், வீரர், அணியின் செய்தித் தொடர்பாளர் என்று ஒவ்வொருவரிடமும் பேச வேண்டும். அப்புறம் தயாரிப்பாளரோடு கூட்டம். இப்படி நாள் முழுக்கச் சேர்த்ததில் பெரும்பகுதி ஒளிபரப்புக்கே வராது. ஆட்டம் சூடாகிவிட்டால் உங்கள் அருமையான கதையை யாரும் கேட்கப்போவதில்லை. காதில் தயாரிப்பாளரின் குரல் "இப்போது வேண்டாம், அடுத்த டைம்அவுட்டில் பார்க்கலாம்" என்று சொல்லும். அடுத்த டைம்அவுட்டில் வேறு ஏதாவது நடந்திருக்கும். வயிற்றெரிச்சலான வேலை.

ஒரு வீரர் நொண்டியபடி உள்ளே போகிறார் என்று வையுங்கள். மேசையில் இருப்பவர்களுக்குத் தெரிவது அவ்வளவுதான். ஓரத்து நிருபர்தான் பின்னாலேயே போய், அணித் தரப்பில் கேட்டு, கணுக்காலா முழங்காலா, திரும்பி வருவாரா மாட்டாரா என்று வந்து சொல்ல வேண்டும். அதில் ஒரு சொல் பிசகினாலும் அன்று இரவு முழுக்க வாங்கிக் கட்டிக்கொள்ள வேண்டியதுதான்.

ஆனால் உண்மையான சோதனை கோச் பேட்டிதான். தேசிய ஒளிபரப்பில் குவார்ட்டர் (ஆட்டத்தின் கால் பகுதி) இடைவேளையில் கோச்சைப் பிடித்து இரண்டு கேள்வி கேட்பது வழக்கம். அவரோ பதினைந்து புள்ளி பின்தங்கியிருப்பார், கோபத்தில் இருப்பார், மனசெல்லாம் அணியிடம் இருக்கும். அடுத்து என்ன செய்யப்போகிறீர்கள் என்று கேட்டால் எதிரணிக்கும் கேட்கும்படி எந்தக் கோச் சொல்வார்? "எப்படி உணர்கிறீர்கள்" என்று கேட்டால் உங்களுக்கு ஆட்டம் தெரியாது என்று அவருக்குத் தெரிந்துவிடும். ஆகவே, நடந்து முடிந்ததில், அவர் கண்ணையும் உறுத்திய ஒன்றைத் தொட்டுக் கேட்க வேண்டும். "எதிரணி இவ்வளவு ரீபவுண்டு எடுத்தது உயரத்தாலா, உங்கள் ஆட்கள் இடம் பிடிக்காததாலா?" என்பது மாதிரி. (கூடையில் விழாமல் திரும்பும் பந்தைப் பிடிப்பதுதான் ரீபவுண்டு.) அப்படிக் கேட்டால் சில சமயம் அவரை அறியாமலேயே ஒரு நிஜ வாக்கியம் வாயிலிருந்து விழும். இருபது விநாடிக்குள் அதைப் பிடித்தாக வேண்டும்.

இதற்குப் பேர்போன பரீட்சை அதிகாரி, 2025 வரை சான் அன்டோனியோ ஸ்பர்ஸ் கோச்சாக இருந்த கிரெக் போபோவிச். இந்தப் பேட்டி முறையே பிடிக்காத மனிதர். பர்க் கேட்ட கேள்விக்கு "டர்னோவர்ஸ்" (பந்தை எதிரணியிடம் பறிகொடுப்பது) என்று ஒற்றைச் சொல்லில் முடித்துவிட்டு நின்றார். அந்தக் காணொளி இன்றும் சுற்றுகிறது. எல்லோரும் போபோவிச்சைப் பார்த்துச் சிரிக்கிறார்கள். நான் பார்ப்பது பர்க்கின் முகத்தை. அசடு வழியவில்லை, முறைக்கவும் இல்லை. பேட்டியை முடித்துவிட்டு வேலையைப் பார்க்கப் போய்விட்டார்.

போபோவிச் என்றதும் கிரெய்க் சேகரைச் சொல்லாமல் விட முடியாது. ஆண்தான், ஆனால் இந்த வேலைக்கே ஒரு மரியாதை வாங்கித் தந்தவர். டிஎன்டி தொலைக்காட்சி நிருபர், கண்ணைப் பறிக்கும் கோட்டுகளுக்குப் பேர்போனவர். அவருக்கும் போபோவிச்சுக்கும் வருஷக்கணக்கில் பூனை எலி விளையாட்டு. 2014இல் சேகர் ரத்தப் புற்றுநோயால் படுத்தபோது, அவர் இடத்தில் மகன் வந்து கேள்வி கேட்டார். நன்றாகச் செய்தாய், ஆனாலும் உன் அப்பா இங்கே நின்றால்தான் எனக்குப் பிடிக்கும் என்று கேமராவைப் பார்த்துச் சொன்னார் போபோவிச். சேகருக்கு இறுதிப் போட்டியில் வேலை செய்யும் வாய்ப்பே அதுவரை கிடைத்ததில்லை, ஏனென்றால் அந்த உரிமை வேறு நிறுவனத்திடம் இருந்தது. 2016 ஜூனில் இறுதிப் போட்டித் தொடரின் ஆறாவது ஆட்டத்துக்கு மட்டும் ஈஎஸ்பிஎன் அவரை அழைத்தது. அன்றும் ஓரத்தில் பர்க் இருந்தார், அவருக்குப் பக்கத்தில் சேகர். அதே வருஷம் டிசம்பரில் அவர் போய்விட்டார்.

பெண்கள் பக்கம் வருவோம். சேகரின் கோட்டைப் பார்த்து ஜனங்கள் சிரித்தார்கள், ரசித்தார்கள். அதே ஓரத்தில் நிற்கும் பெண்ணின் உடையைப் பார்த்து வரும் பேச்சு வேறு வகை. இந்த வித்தியாசத்தை உங்கள் மகள் முதல் நாளே சந்திப்பாள். இந்தத் துறையில் பெண்களுக்குக் கதவு தானாகத் திறக்கவில்லை என்பதும் அவளுக்குத் தெரிந்திருக்கட்டும். 1977இல் பேஸ்பால் இறுதித் தொடரில் வீரர்களின் அறைக்குள் விடாததால் மெலிசா லட்கி என்ற நிருபரின் சார்பில் வழக்கு நடந்தது. 1978இல் தீர்ப்பு அவர் பக்கம் வந்தது. இதெல்லாம் பழைய கதை என்று நினைத்துவிட வேண்டாம். 2008இல் எரின் ஆண்ட்ரூஸ் என்ற ஓரத்து நிருபரை ஓர் ஆள் பின்தொடர்ந்து போய், ஹோட்டல் அறைக் கதவின் துவாரம் வழியாகப் படம் பிடித்தான். 2016இல் ஜூரி அவருக்கு 5.5 கோடி டாலர் இழப்பீடு தரச் சொன்னது. வருஷத்தில் பாதி நாள் ஹோட்டலில் தங்கும் வேலை இது.

ஆட்டம் தெரிந்த பெண்கள் ஓரத்தில் நிற்பது பர்க்கோடு தொடங்கியதும் இல்லை. ஷெரில் மில்லர் என்று ஒருவர். பள்ளியில் ஒரே ஆட்டத்தில் 105 புள்ளி எடுத்தவர், 1984 ஒலிம்பிக் தங்கம். (என்பிஏ வீரராக இருந்த ரெஜி மில்லரின் அக்கா என்று சொன்னால்தான் நம் ஆட்களுக்குத் தெரியும். நியாயமாக ரெஜியைத்தான் ஷெரிலின் தம்பி என்று சொல்ல வேண்டும்.) 1996இலேயே தேசியத் தொலைக்காட்சியில் ஓர் என்பிஏ ஆட்டத்தை அலசிச் சொன்ன முதல் பெண் அவர். ஆனால் ரசிகர்கள் அவரை அதிகம் பார்த்தது டிஎன்டியின் ஓரத்து நிருபராகத்தான். ஓரத்து நிருபர் லிசா சால்டர்ஸ் இருக்கிறார்: 5 அடி 2 அங்குலம், பென் ஸ்டேட் பல்கலைக்கழக அணியில் ஆடியவர். ஏழடி வீரர்களுக்கு நடுவே மைக்கை உயர்த்திப் பிடித்தபடி நிற்பார்.

பர்க் மேசைக்குத் திரும்ப 2017 ஆனது. அந்த வருஷம்தான் தேசிய ஒளிபரப்பில் முழுநேர என்பிஏ ஆட்ட விமர்சகரானார். அந்த இடத்தில் முதல் பெண். வயது 51. ஆடி ஓய்ந்த ஆண்கள் ஓய்வு பெற்ற மறு வருஷமே அந்த நாற்காலியில் உட்கார்வதைப் பார்த்த எனக்கு அந்தச் செய்தி சந்தோஷத்தைவிட எரிச்சலைத்தான் தந்தது. 2018இல் கூடைப்பந்து ஹால் ஆஃப் ஃபேம் ஊடகத்தாருக்கு வழங்கும் கர்ட் கவுடி விருது வந்தது. 2020 இறுதிப் போட்டியை வானொலியில் அலசினார். 2024 ஜூனில் பாஸ்டனும் டல்லாஸும் மோதியபோது தொலைக்காட்சி மேசையில் மைக் பிரீனோடும் ஜேஜே ரெடிக்கோடும் உட்கார்ந்தார். என்பிஏ இறுதிப் போட்டியைத் தொலைக்காட்சியில் அலசிய முதல் பெண். அன்று ஓரத்தில் நின்றவர் லிசா சால்டர்ஸ். அன்றைக்கு நான் காபிக்கு எழுந்து போகவில்லை.

இங்கேயே முடித்தால் கதை அழகாக இருக்கும். ஆனால் 2025இல் ஈஎஸ்பிஎன்னின் முதன்மை வர்ணனைக் குழுவிலிருந்து அவரை நகர்த்தி, அந்த இடத்தில் டிம் லெக்லரை வைத்தார்கள். பர்க்குக்கு ஒப்பந்தத்தை நீட்டித்தார்கள், வேலை இருக்கிறது. இறுதிப் போட்டி நாற்காலி இல்லை. இந்தத் துறையில் நாற்காலி யாருக்கும் பட்டா போட்டுக் கொடுக்கப்படுவதில்லை.

ஆகவே இறங்கலாமா என்றால், இறங்கலாம். ஆனால் அந்த ஓரத்தை மட்டுமே குறியாக வைத்து இறங்கக் கூடாது என்பது என் எண்ணம். ஓரம் சிலருக்கு வாசல், பலருக்கு வேலி. ஈஎஸ்பிஎன் நிருபர் மலிகா ஆண்ட்ரூஸுக்கு அது வாசலாக அமைந்தது: 2020இல் கொரோனாவுக்காக எல்லோரையும் ஒரே இடத்தில் அடைத்துவைத்து ஆட்டம் நடத்திய ஆர்லாண்டோ "குமிழி"க்குள் மாதக்கணக்கில் அடைந்து கிடந்து செய்தி சொன்னார், அடுத்த வருஷமே ஒரு தினசரி நிகழ்ச்சியின் தொகுப்பாளர். காரா லாசன் இன்னொரு வழி: தொலைக்காட்சியில் ஆட்டம் பேசியவர், பாஸ்டன் அணியின் உதவிப் பயிற்சியாளராகி, 2020இல் டியூக் பல்கலைக்கழகப் பெண்கள் அணியின் தலைமைப் பயிற்சியாளரானார். உங்கள் மகள் ஆடுகிறாள் என்பதுதான் அவள் கையிலுள்ள முதல். பேசும் பயிற்சியைப் பிறகும் கற்றுக்கொள்ளலாம். ஆட்டத்தைப் பார்க்கும் கண் பிறகு வருவது கஷ்டம்.

இன்னொன்று. 2023இல் அமெரிக்கக் கால்பந்துத் தொகுப்பாளர் ஒருவர், தான் ஓரத்து நிருபராக இருந்தபோது கோச் பேசாத நாட்களில் இடைவேளைச் செய்தியைத் தானே இட்டுக்கட்டியதுண்டு என்று ஒரு பாட்காஸ்டில் சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டார். கோச் பெயரில் எதையும் சொல்லவில்லை என்று பிறகு விளக்கம் கொடுத்தார். அதற்குள் சக பெண் நிருபர்கள் கொதித்துப்போனார்கள். அவர்கள் கோபம் எனக்குப் புரிந்தது. "சும்மா நின்று மைக்கை நீட்டுகிறவள்தானே" என்ற பேச்சை மறுக்கத்தானே அவர்கள் இத்தனை வருஷம் உழைத்தது.

மகளுக்கு ஒரு சின்னப் பயிற்சி சொல்கிறேன். அடுத்த ஆட்டம் பார்க்கும்போது முதல் குவார்ட்டர் முடியும் முன்னாலேயே, அவள் கோச்சிடம் கேட்கப்போகும் இரண்டு கேள்விகளை ஒரு தாளில் எழுதிவைக்கட்டும். ஒவ்வொன்றும் ஒரே வாக்கியம். அப்புறம் திரையில் நிருபர் கேட்பதோடு ஒப்பிடட்டும். நான் இரண்டு வருஷமாக ஒரு நோட்டில் இப்படி எழுதி வருகிறேன். அவர்கள் கேட்டதைவிட என் கேள்வி நன்றாக இருந்த நாட்களை விரல்விட்டு எண்ணிவிடலாம்.