தொகுப்பு மேசையில் ஒரு மறுப்பு

அன்புள்ள ஆசிரியருக்கு,

மென்பொருள் நிறுவனம் ஒன்றில் பணிபுரிகிறேன். ஓராண்டாக ஜெர்மன் இயக்குநர் வெர்னர் ஹெர்சாகின் படங்களைத் தொடர்ந்து பார்க்கிறேன். அவற்றில் பலவற்றைத் தொகுத்த பெயாட்டே மைன்கா-யெல்லிங்ஹவுஸ் குறித்துத் தேடினால் பெயருக்கு மேல் அதிகம் கிடைப்பதில்லை. இயக்குநரின் எண்ணத்தை நிறைவேற்றித் தருவதுதானே படத்தொகுப்பாளரின் பணி? அவருக்கென்று தனிப் பாணி இருந்ததா? வேலையை விட்டுப் படத்தொகுப்புக்கு வர விரும்புகிறேன். எந்த மென்பொருளில் தொடங்கலாம்? ஹெர்சாகுக்கும் அவர் படங்களின் நாயகன் கின்ஸ்கிக்கும் நடந்த மோதல்கள் பற்றியும் எழுத வேண்டுகிறேன்.

ஆர்.

அன்புள்ள ஆர்.,

ஹெர்சாகின் நேர்காணல்களை மீண்டும் வாசித்துக்கொண்டிருந்தபோது உங்கள் கடிதம் வந்தது. கின்ஸ்கியின் சண்டைகளை எழுத வேறு பலர் இருக்கிறார்கள். மென்பொருள் எதுவாயினும் சரி. ஆனால் ‘இயக்குநரின் எண்ணத்தை நிறைவேற்றித் தருவது’ என்ற வரி என்னைக் கோபப்படுத்தியது. ஓராண்டு அந்தப் படங்களோடு வாழ்ந்தவர் எழுதக்கூடிய வரி அல்ல அது.

1936இல் பிறந்த மைன்கா-யெல்லிங்ஹவுஸ் அம்மையார், இயக்குநர் அலெக்சாண்டர் குளூகேயின் ‘நேற்றிலிருந்து விடைபெறல்’ (1966) படத்தைத் தொகுத்தவர். அறுபதுகளில் இளம் இயக்குநர்கள் தொடங்கிய ‘புதிய ஜெர்மன் சினிமா’ அலையை வெளியுலகம் கவனிக்கத் தொடங்கிய படங்களில் அது ஒன்று. பிறகு ஹெர்சாகின் முதல் முழுநீளப் படமான ‘வாழ்வின் அடையாளங்கள்’ அவரிடம் வந்தது. முதல் ரீல் தலைமாறிச் சுற்றப்பட்டிருந்தது. அம்மையார் அதைத் திருப்பிச் சுற்றவில்லை. பின்னிருந்து முன்னாகவே, பல மடங்கு வேகத்தில் ஓட்டிப் பார்த்தார். இவ்வளவு மோசமானதைத் தொட மாட்டேன் என்று சொல்லி முழு ரீலையும் குப்பையில் போட்டார். இதை நமக்குச் சொல்பவர் ஹெர்சாகேதான். அதிர்ந்துபோன அந்த இளைஞர், மற்ற ரீல்களோடு சேர்த்துப் பல நாள் பார்த்த பிறகே அம்மையார் கண்டது என்னவென்று புரிந்துகொண்டாராம். அந்தப் படம் 1968இல் பெர்லின் திரைப்பட விழாவில் வெள்ளிக் கரடி விருது பெற்றது.

சென்னையின் தொகுப்பு அறைகளில் நான் அடிக்கடி கேட்ட ஒரு மன்றாட்டு உண்டு: “சார், கழுத்தளவு தண்ணீரில் நின்று எடுத்த ஷாட் சார், அதை மட்டும் விட்டுவிடுங்கள்.” ஒருமுறை அப்படியொரு ஷாட்டுக்காக, நான் எழுதிய காட்சி ஒன்றின் உயிரே போனது. தொகுப்பாளர் நல்ல மனிதர், பட்ட பாட்டைக் கேட்டு இரங்கிவிட்டார். அந்த இரக்கம்தான் குற்றம் என்பேன். படப்பிடிப்புக்குச் செல்லாத ஒருவர் மேசையில் அமர வேண்டியதன் காரணமே, யார் எவ்வளவு நனைந்தார்கள் என்று அறியாத கண் அங்கே வேண்டும் என்பதுதான். 300 டன்னுக்கு மேற்பட்ட கப்பலைப் பெரு நாட்டுக் காட்டில் மலைமேல் இழுத்து எடுக்கப்பட்ட ‘ஃபிட்ஸ்கரால்டோ’வின் (1982) சுருள்களும் இதே அம்மையாரின் மேசைக்குத்தான் வந்தன. இழுத்தவர்களின் வியர்வை சட்டகத்துக்குள் தெரிந்தால்தான் மேசையில் அதற்கு மதிப்பு. தெரியாவிட்டால், அந்த உழைப்பு எத்தனை உண்மையானதாக இருந்தாலும், அந்தச் சுருள் வெறும் சுருள்தான். இதை எத்தனை முறை வேண்டுமானாலும் சொல்வேன், ஏனென்றால் நம் ஊரில் படங்களை இழுத்து நீட்டுவது பெரும்பாலும் இந்த மன்றாட்டுதான்.

ஹெர்சாகின் படங்களில் ‘குள்ளர்களும் சிறியவர்களாகவே தொடங்கினர்’ ஒன்றைத்தான் அம்மையார் விரும்பினாராம். மற்றவற்றின் முதல் திரையிடல்களுக்குப் போகவும் மறுத்தார். ஆயினும் ‘அகிர்ரே’ முதல் ‘நோஸ்ஃபெராட்டு’ வரை, 1984இன் ‘பச்சை எறும்புகள் கனவு காணும் இடம்’ வரை அவர்தான் தொகுத்தார். தனக்குப் பிடிக்காததைச் சொல்ல அஞ்சாத ஒருவரைப் பதினைந்து ஆண்டுகளுக்கு மேல் அருகில் வைத்துக்கொண்டதை ஹெர்சாகின் பேறு என்றே நான் கருதுகிறேன்.

பாணி பற்றிக் கேட்டீர்கள். எழுத்தட்டைகளும் துண்டுக் காட்சிகளும் மோதிக்கொள்ளும் குளூகேயின் படத்தைத் தொகுத்த அதே கைகள்தான், ஹெர்சாகின் ‘வோய்செக்’கில் (1979) ஒரு முழுக் காட்சியை ஒரே ஷாட்டாக, வெட்டே இல்லாமல் நிற்கவிட்டன. அந்தப் படம் 18 நாட்களில் எடுக்கப்பட்டு 4 நாட்களில் தொகுக்கப்பட்டது. எங்கே கைவைக்கக் கூடாது என்று முன்பே தெரிந்தவருக்கு 4 நாட்கள் போதும். இதற்கு மேலும் ஒரு தனிப் பாணியைத் தேடுவது வீண்.

வேலையை விடுவதா என்பதை உங்கள் வீட்டாரோடு பேசி முடிவெடுங்கள், தம்பி; அதை என்னிடம் கேட்க வேண்டாம். அதற்கு முன் உங்கள் நண்பர் எவரேனும் எடுத்த குறும்படம் ஒன்றின் மூலக் காட்சிகளை வாங்கி, அவர் அருகில் இல்லாதபோது உட்கார்ந்து பாருங்கள். அவருக்கு மிகப் பிடித்த ஷாட்டை நீக்கிக் காட்டிவிட்டு, என்ன நடந்தது என்று எனக்கு எழுதுங்கள்.