சேட்டைக்காரர்களின் ஏழாவது பாட்டு – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

தொண்ணூறுகளின் ராக் இசை பற்றிய கட்டுரையில் பிளிங்க்-182 குழுவின் ‘எனிமா ஆஃப் தி ஸ்டேட்’ ஆல்பத்தை முக்கியமான படைப்பு என்று எழுதியிருந்தீர்கள். பிளஸ் ஒன் படிக்கும் என் மகனும் இதைத்தான் நாள் முழுக்கக் கேட்கிறான். சரி, என்னதான் இருக்கிறது என்று நானும் உட்கார்ந்து பார்த்தேன். ஒரு வீடியோவில் மூன்று பேரும் ஒட்டுத்துணி இல்லாமல் தெருவில் ஓடுகிறார்கள். பாட்டில் பாதி கெட்டவார்த்தை, மீதி பள்ளிக்கூடப் பையன்களின் கேலி. இதில் இசை எங்கே இருக்கிறது? கோமாளித்தனத்துக்கு ஏன் இவ்வளவு மரியாதை?

அன்புடன்,
ஆர்.

அன்புள்ள ஆர்.,

மகன் கேட்பதை நீங்களும் உட்கார்ந்து கேட்டிருக்கிறீர்கள். அதற்கு முதலில் என் நன்றி.

இது 1999 ஜூனில் வந்த ஆல்பம். அமெரிக்காவின் சான் டியேகோ புறநகரில் 1992-இல் தொடங்கிய குழு. பேஸ் கிடார் வாசிக்கும் மார்க் ஹாப்பஸும் கிடார் வாசிக்கும் டாம் டிலாங்கும் மாறி மாறிப் பாடுவார்கள். 1998-இல் டிரம்ஸுக்கு டிராவிஸ் பார்க்கர் வந்து சேர்ந்தார். இந்த மூவரும் சேர்ந்து செய்த முதல் ஆல்பம் இதுதான். 12 பாட்டு, மொத்தமே 35 நிமிடம் சொச்சம்.

நீங்கள் பார்த்த அந்த ஓட்டத்துக்குரிய பாட்டையே எடுத்துக்கொள்வோம். ‘வாட்ஸ் மை ஏஜ் அகெய்ன்?’ 23 வயதான ஒருவன் காதலியின் அம்மாவுக்குப் பொதுத் தொலைபேசியிலிருந்து கூப்பிட்டு, போலீஸ் பேசுகிறோம், உங்கள் கணவர் ஜெயிலில் இருக்கிறார் என்று புளுகுகிறான். வெட்டிச் சேட்டைதான். ஆனால் அந்த வயதில் உன்னை யாருக்கும் பிடிக்காது என்று அவனே சொல்லிக்கொள்ளும் இடத்தில் சிரிப்போடு ஒரு கூச்சமும் வந்து சேர்கிறது. வீடியோவை அணைத்துவிட்டு டிரம்ஸை மட்டும் பின்தொடர்ந்து கேளுங்கள். பார்க்கர் பள்ளி நாட்களில் மார்ச்சிங் பேண்டில் வாசித்துப் பழகியவர். இவ்வளவு வேகத்திலும் ஒரு அடிகூடச் சிந்தவில்லை. தயாரித்தவர் ஜெர்ரி ஃபின், கிரீன் டே குழுவின் ‘டூக்கி’ ஆல்பத்தை மிக்ஸ் செய்தவர். ஒவ்வொரு வாத்தியமும் பளிச்சென்று தனியாகக் கேட்கிறது. இவ்வளவு மெருகு, கரடுமுரடான ராக் வகையான பங்க் இசைக்கு ஆகாது என்று அந்த மரபின் பழைய ரசிகர்கள் திட்டினார்கள். எனக்கு அந்தக் கட்சி ஒப்பவில்லை. கேலி எடுபட வேண்டுமானால் சொல் தெளிவாகக் காதில் விழ வேண்டும், இல்லையா?

இனி ஏழாவது பாட்டுக்கு வருகிறேன். இந்த ஆல்பத்தை நான் மதிப்பதற்கு முதல் காரணம் அதுதான். ‘ஆடம்ஸ் சாங்’, ஹாப்பஸ் எழுதியது. சுற்றுப்பயணம் முடிந்து திரும்பும்போது மற்றவர்களுக்கு வீட்டில் காதலி காத்திருந்தாள், தனக்கு யாருமில்லை என்ற தனிமையைப் பற்றி இந்தப் பாட்டை ஒட்டி அவரே பேசியிருக்கிறார். பாட்டில் பேசுபவன் வாழ்க்கையே வேண்டாம் என்கிற இடத்துக்கு வந்துவிட்டவன். கூட்டத்தில் எல்லாரையும்விட உரக்கச் சிரித்தவன் நான்தான், யாருக்குத் தெரிந்திருக்கும் என்று ஆரம்பத்திலேயே சொல்லிவிடுகிறான். அப்புறம் ஒயரைப் பிடித்துக்கொண்டே சுவர்வரை போய்ப் பார்க்கிறான்; பிளக்கை யாரும் சொருகியிருக்கவே இல்லை. இதே ஆல்பத்தின் வேறு பாட்டில் வந்திருந்தால் நல்ல ஜோக். இங்கே அதே ஜோக்கில் தொண்டை அடைக்கிறது. ஒருமுறை வீட்டு நடையில் ஆப்பிள் ஜூஸைக் கொட்டினேனே, நினைவிருக்கிறதா என்கிறான். அடுத்த மூச்சில், அம்மா மேல் தப்பில்லை என்று சொல்லிவிடுங்கள் என்கிறான்.

பல்லவியைக் கவனித்துக் கேளுங்கள். முதலில் வரும்போதெல்லாம் பதினாறு வயதில் இருந்த நல்ல நாட்களை நினைத்து ஏங்குகிறான், எல்லாமே முடிந்துபோன கதையாக. கடைசி முறையும் அதே மெட்டுதான், சொற்களும் பெரும்பாலும் அவைதான். ஆனால் பதினாறு இருந்த இடத்தில் நாளை வந்துவிடுகிறது. வெளியே போக மனம் பரபரக்கிறது, பயணம் முடிந்தது, பிழைத்துவிட்டேன் என்கிறான். அவனுக்கு யாரும் புத்தி சொல்லவில்லை, அற்புதம் எதுவும் நடக்கவில்லை. அதே பல்லவிக்குள்ளேயே ஒருவன் திரும்பி வந்துவிடுகிறான்.

ஆல்பத்திலேயே நீளமான பாட்டு இதுதான், 4 நிமிடத்துக்குக் கொஞ்சம் மேல். முன்னால் இருப்பது, தான் ஆசைப்பட்ட பெண்ணை இன்னொருவன் தட்டிக்கொண்டு போனதற்கு வயிறெரிந்து திட்டும் பாட்டு. பின்னால் வருவது ‘ஆல் தி ஸ்மால் திங்ஸ்’: குழந்தைகூட உடன் பாடக்கூடிய மெட்டு, அமெரிக்காவின் பில்போர்டு பட்டியலில் 6-ஆம் இடம்வரை போனது. இந்த இரண்டுக்கும் நடுவே வருவதால்தான் ஏழாவது பாட்டு கேட்பவனிடம் போய்ச் சேர்கிறது. எப்போதும் சோகமே பாடும் குழு இதைப் பாடியிருந்தால், உங்கள் மகன் வயதுப் பையன் பத்தே நொடியில் அடுத்த பாட்டுக்குத் தாவியிருப்பான். அதுவரை தன்னைச் சிரிக்க வைத்தவர்கள் பாடுவதால் நின்று கேட்கிறான். அதனால்தான் இந்த ஆல்பத்தில் கேலியைக் கழித்துவிட்டு இசையை மட்டும் எடுத்துவைக்க முடியாது என்கிறேன்.

எல்லாவற்றையும் நான் ஆதரிக்கவில்லை. முதல் பாட்டில், தன் இஷ்டத்துக்குப் பழக்கி எடுக்க ஒரு பெண் வேண்டும் என்று ஒரு வரி வருகிறது. அன்றைக்கும் அது அசிங்கம்தான், இன்றைக்கும் அசிங்கம்தான். பெண்கள் மீதான இந்தப் புலம்பல் வேறு சில பாட்டுகளிலும் உண்டு. அட்டைப்படமும் அதே ரகம். மகனோடு பேசும்போது இதை மழுப்பாமல் சொல்லுங்கள். நீங்கள் மொத்தத்தையும் குப்பை என்று ஒதுக்காதவரை அவனும் காதுகொடுத்துக் கேட்பான்.

இன்னொன்று. அவன் ஏழாவது பாட்டையே அடிக்கடி போட்டுக் கேட்கிறான் என்றால் பயப்பட வேண்டாம், பாட்டை நிறுத்தவும் வேண்டாம். பக்கத்தில் உட்கார்ந்து, இதில் உனக்கு எந்த வரி பிடிக்கும் என்று கேளுங்கள். அவன் பேச்சில் பாரம் ஏதும் தெரிந்தால் பேச்சை அங்கேயே விட்டுவிடாதீர்கள். தயங்காமல் ஒரு மனநல ஆலோசகரிடம் அழைத்துப் போங்கள். அதற்கு முன்னால் நீங்கள் ஒருமுறை வீடியோ இல்லாமல், ஹெட்போனில், ஆறு, ஏழு, எட்டு மூன்றையும் வரிசையாகக் கேட்டுவிட்டு எனக்கு எழுதுங்கள்.

அன்புடன்,
ஆசிரியர்